கடைசி வாங்கும் கன்னங்கராவும்

ஆண்டுதோறும் ஒக்தோபர் 13ஆம் திகதி வந்ததும் நமது பாடசாலைகள் பலவற்றில் ஒரு படம் சுவரிலிருந்து இறக்கப்படுகின்றது. தூசி தட்டி, மாலை சூட்டி, மேசைமீது வைக்கின்றார்கள். 'இலவசக் கல்வியின் தந்தை' என்ற அடைமொழி ஒலிபெருக்கியிலே நாலைந்து முறை முழங்குகின்றது. நன்றியுரை முடிந்தவுடன் படம் மீண்டும் சுவருக்குப் போய்விடுகின்றது. கலாநிதி சி. டபிள்யூ. டபிள்யூ. கன்னங்கராவுக்கு நாம் செலுத்தும் மரியாதை இவ்வளவுதான்.

சில ஆண்டுகளுக்கு முன் இத்தகைய கூட்டமொன்றில் நானும் பேசினேன். புத்தளம் மாவட்டக் கரையோரத்துப் பாடசாலை அது. கேட்டுக்கொண்டிருந்த மாணவரில் ஒருவன் கடைசி வாங்கில் இருந்தான். தென்மேற்குப் பருவக்காற்று எழுந்து நமது கடல் கொந்தளிக்கும் மாதங்களில் கரைவலைக் குடும்பங்கள் பல கிழக்குக் கரைக்குப் பெயர்ந்து, அங்கே வாடி அமைத்துத் தொழில் செய்து, காற்று மாறியபின் ஊர் திரும்புவது வழக்கம். அப்படித் திரும்பியிருந்தவன் அவன். கூட்டம் முடிந்தபின் அருகில் வந்து கேட்டான்: "சேர், இலவசக் கல்வி எண்டா நான் விட்ட தவணைப் பாடத்தையும் சும்மா தருவாங்களா?"

அவன் பகடி பண்ணவில்லை; உண்மையாகவே கேட்டான். நான் அப்பொழுது ஏதோ சொல்லிச் சமாளித்துவிட்டேன். ஆனால் என் சொற்பொழிவு முழுவதற்கும் அந்த ஒரு வினா விமர்சனமாக அமைந்துவிட்டது. ஓர் ஆசிரியர் அரசியலுக்குள் புகுந்து நாட்டின் கல்வியை மாற்றினார் என்கின்றோம். அந்த மாற்றத்தை முன்வாங்கிலிருந்து பார்ப்பது ஒன்று. கடைசி வாங்கிலிருந்து பார்ப்பது வேறொன்று. இரண்டாவது பார்வையில் கன்னங்கராவின் அரசியலை மதிப்பிட முனைவதே இக்கட்டுரை.

தனிமனிதரைத் தெய்வமாக்கும் சரித்திரமும், தனிமனிதரை முற்றாக ஒதுக்கிவிடும் சரித்திரமும் நமக்குப் பயன்படா. மனிதன் தன் காலத்துச் சூழலால் உருவாகின்றான். அச்சூழலை ஓரளவு மாற்றவும் செய்கின்றான். இவ்விரண்டும் எங்கே சந்திக்கின்றன என்று காண்பதே விமர்சகன் தொழில்.

கன்னங்கரா 1884இல் அம்பலாங்கொடைக்கு அண்மையிலுள்ள ரந்தொம்பை என்னும் கரையோரக் கிராமத்திற் பிறந்தவர். அவ்வூர்ப் பாடசாலைப் பரிசளிப்பு விழாவொன்றில் பரிசுகளிற் பெரும்பாலானவற்றை அச்சிறுவனே பெற்றதைக் கண்ட காலி றிச்மண்ட் கல்லூரி அதிபர் டரல், இவற்றைக் கொண்டு செல்ல மாட்டுவண்டி வேண்டுமே என்று வேடிக்கையாகக் கூறி, அவனுக்குத் தமது கல்லூரியிலே உபகாரச் சம்பளத்துடன் இடமளித்தார் என்பது பிரசித்தமான கதை. பின்னர் அதே கல்லூரியிலே கணித ஆசிரியராய்ப் பணியாற்றியவர், மொறட்டுவை வேல்ஸ் இளவரசர் கல்லூரியிலும் கொழும்பு வெஸ்லி கல்லூரியிலும் படிப்பித்துக்கொண்டே சட்டம் பயின்றார். 1910இல் சட்டத்தரணியானார், 1923இல் சட்டநிரூபண சபையில் உறுப்பினரானார்.

மாட்டுவண்டிக் கதையை மேடைகளிலே உருக்கத்துடன் சொல்லுவார்கள். அதில் உறைந்துள்ள கொடுமையை யாரும் சொல்லுவதில்லை. ஒரு துரையின் கண் தற்செயலாகப் பட்டதனால் ஒரு சிறுவனுக்குக் கதவு திறந்தது. அன்று அவனோடு பரிசு பெறாமல் நின்ற சிறுவர்களுக்கு எந்தக் கதவு திறந்தது? ஆங்கிலக் கல்விக்குக் கட்டணம் வேண்டும். சுயமொழிப் பாடசாலைக்குக் கட்டணமில்லை. ஆங்கிலம் படித்தவன் உத்தியோகத்தனானான். சுயமொழி படித்தவன் வயலுக்கும் கடலுக்கும் திரும்பினான். ஒரே நாட்டிலே இருவேறு கல்விகள், இருவேறு விதிகள். இந்தப் பிளவு ஏகாதிபத்தியத்தின் தற்செயலான தவறன்று, அதன் தேவை. கன்னங்கராவின் சிறப்பு யாதெனில், தமக்குக் கிடைத்த தயவை அவர் பொது நியதியென மயங்கவில்லை. தயவை உரிமையாக்க வேண்டும் என்று அவர் கண்டார். ஆசிரியத் தொழில் அவருக்குக் கற்பித்த பெரும்பாடம் இதுவெனலாம்.

1931இல் டொனமூர் அரசியற் றிட்டத்தின்கீழ் சர்வசன வாக்குரிமை வந்தது. அரசாங்க சபையின் உறுப்பினர்கள் ஏழு நிர்வாகக் குழுக்களாகப் பிரிந்தார்கள். ஒவ்வொரு குழுவின் தலைவரும் மந்திரியானார். கல்விக் குழுவின் தலைவராகிய கன்னங்கரா, 1947 வரை அப்பதவியை வகித்தார். வாக்குரிமை பெற்ற குடியானவனும் மீனவனும் தம் பிள்ளைக்கு என்ன செய்தாய் என்று கேட்கத் தலைப்பட்ட காலம் அது. இந்த அடித்தளத்தை மறந்துவிட்டு இலவசக் கல்வியை ஒருவருடைய இரக்க சிந்தையின் விளைவாகக் காட்டுவது சரித்திரத்தைத் தலைகீழாக நிறுத்துவதாகும்.

1940இல் அவர் தலைமையிலே கல்வி பற்றிய விசேட குழு அமைக்கப்பட்டது. ஐவர் ஜெனிங்ஸ் போன்ற அறிஞரும் அதிலிருந்தனர். 1943இல் அதன் அறிக்கை வெளியாயிற்று. பாலர் வகுப்புத் தொடக்கம் பல்கலைக்கழகம் வரை கல்வி இலவசமாதல் வேண்டும். ஆரம்ப வகுப்புகளிலே தாய்மொழியே போதனா மொழியாதல் வேண்டும் என்பன அதன் உயிர்நாடிகள். 1944 மே இறுதியில் அரசாங்க சபையிலே விவாதம் தொடங்கிற்று. கட்டணம் அறவிட்டு நடந்த கல்லூரிகளின் முகாமையாளர்களும், கிறிஸ்தவ மதநிறுவனங்களும் எதிர்த்து நின்றன. மந்திரி சபைக்குள்ளேயே பணமில்லை என்று கையை விரித்தவர்கள் இருந்தனர். யாவரும் படித்துவிட்டால் வயலிலும் தோட்டத்திலும் வேலை செய்வார் யார் என்ற அச்சம் நிலவுடைமையாளர் நெஞ்சிலே குடியிருந்தது. இத்தனையையும் கடந்து 1945 ஒக்தோபர் 1ஆம் திகதி இலவசக் கல்வி நடைமுறைக்கு வந்தது.

இங்கே 'தந்தை' என்ற சொல்லைச் சிறிது ஆராய்தல் தகும். 1936இல் சபைக்குத் தெரிவான பிலிப் குணவர்த்தனாவும் என். எம். பெரேராவும் தாய்மொழிப் பாடசாலைப் பிள்ளைகளுக்கு இலவசப் புத்தகம் வேண்டுமென்ற கோரிக்கையை முன்வைத்த சமசமாஜக் கட்சியினர். 1940இலே கைதுசெய்யப்பட்ட அவ்விருவரும் இந்த விவாதம் நடந்தபோது சபையில் இருக்கவில்லை. முதற்குரல் எழுப்பியவர்களை அகற்றிவிட்டு, கடைசிக் கையெழுத்திட்டவரை மட்டும் தந்தையென்று வணங்குவது ஆளும் வர்க்கத்திற்கு வசதியானது. தந்தை கொடுத்ததைப் பிள்ளை வாங்கிக்கொள்ள வேண்டும், கேள்வி கேட்கலாகாது. போராடிப் பெற்றது என்றால் காப்பாற்றவும் போராட வேண்டுமென்று மாணவன் உணர்ந்துவிடுவான் அல்லவா?

இவ்வாறு கூறுவது கன்னங்கராவின் பெருமையைக் குறைப்பதாகாது. அவர் காலத்திலே கிராமப் புறங்களில் 54 மத்திய கல்லூரிகள் எழுந்தன. ஏழைப் பிள்ளை பரீட்சையிற் சித்தியடைந்து, விடுதியிலே தங்கி, நகரப் பிள்ளைக்கு நிகரான கல்வியைப் பெற வழி பிறந்தது. 1946ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பில் எழுத்தறிவு 57.8 வீதம், 2012இல் அது 95 வீதத்தைத் தாண்டியது. இலக்கியத் துறையிலும் இதன் பயனை நாம் அறிவோம். 1950களிலும் 1960களிலும் கமக்காரர், தொழிலாளர், மீனவர் வீடுகளிலிருந்து தமிழ் எழுத்தாளரும் வாசகரும் ஒருங்கே தோன்றினர். 1954இல் அமைக்கப்பட்ட முற்போக்கு எழுத்தாளர் சங்கம் யாருக்காக எழுதியதோ அந்த வாசகனை உருவாக்கியதிலே தாய்மொழிக் கல்விக்கும் இலவசக் கல்விக்கும் பெரும்பங்கு உண்டு. பல்கலைக்கழகத்திலே தமிழ் பயின்று இதனை எழுதும் நானும் அந்த வரிசையில் வந்தவனே. நன்றியுணர்வோடுதான் பேசுகின்றேன். ஆனால் நன்றி வாயைக் கட்டும் கயிறாகிவிடக் கூடாது.

கன்னங்கரா கதவைத் திறந்தார். அதே வேளையில் நான்கு சுவர்கள் இடிபடாமல் நின்றன.

முதலாவது, பணச்சுவர். அரசாங்க உதவியைத் துறந்து கட்டணம் அறவிட விரும்பிய கல்லூரிகளுக்கு விலகி நிற்க இடமளிக்கப்பட்டது. முடிவு செய்வதற்கான காலக்கெடுவும் நீட்டப்பட்டு வந்தது. செல்வர் பிள்ளைக்கு ஒரு கல்லூரி, ஏழைப் பிள்ளைக்கு வேறொன்று என்ற பழைய பிளவு புதிய உருவிலே உயிர் தப்பியது.

இரண்டாவது, தோட்டச்சுவர். மலையகத் தோட்டத் தொழிலாளரின் பிள்ளைகள் தோட்ட நிர்வாகத்தின் லயத்துப் பள்ளிகளிலேயே கிடந்தனர். நாட்டின் ஏற்றுமதிச் செல்வத்தைத் தம் முதுகில் சுமந்த மக்களின் பிள்ளைகளுக்குத்தான் இலவசக் கல்வி கடைசியாக வந்தது. 1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவராக்கியது. அப்பள்ளிகளை அரசாங்கம் பொறுப்பேற்றது 1970களிலேதான். 1948ஆம் ஆண்டுச் சட்டத்தின் பழியைக் கன்னங்கராமீது சுமத்துதல் நியாயமன்று; அவர் அப்பொழுது பாராளுமன்றத்திலேயே இல்லை. ஆனால் பதினாறு ஆண்டுகள் மந்திரியாயிருந்தவரின் திட்டம், தோட்டத்து வேலியருகே வந்து நின்றுவிட்டது என்ற உண்மையை மறைக்கவும் இயலாது.

மூன்றாவது, சாதிச்சுவர். இதனைக் கட்டியவர் கன்னங்கரா அல்லர், நாமே. உதவி நன்கொடை பெறும் பாடசாலைகளில் எல்லாப் பிள்ளைகளும் சமமாக அமர வேண்டும் என்று 1929இல் கட்டளை பிறந்தபோது யாழ்ப்பாணத்திலே அதனை எதிர்த்து நின்றவர்கள் தமிழர்களே. பாடசாலைகள் தீக்கிரையாயின. வாங்கில் இருத்தப்படாத பிள்ளைக்குக் கட்டணமில்லை என்ற அறிவித்தலால் என்ன பயன்? பெரும்பான்மையினத்து மந்திரியை விமர்சிக்கப் புறப்படும் நாம் இக்கறையை நம் கையிலிருந்து கழுவிவிட்டா புறப்படுகின்றோம்?

நான்காவது, மொழிச்சுவர். நமது கரையோரத்திற்கு இதுவே மிக நெருங்கியது. 1944 மே மாதத்திலேதான் ஜே. ஆர். ஜயவர்த்தனா சிங்களத்தை அரசகரும மொழியாக்கும் பிரேரணையைக் கொண்டுவந்தார், வ. நல்லையாவின் திருத்தத்தினால் தமிழும் சேர்க்கப்பட்டு அது நிறைவேறியது. இலவசக் கல்வியும் இருமொழிச் சமத்துவமும் ஒரே மாதத்தில் ஒரே சபையில் பேசப்பட்டன. ஒன்று சட்டமாகி நிலைத்தது. மற்றையது 1956இலே தனிச் சிங்களச் சட்டத்தின் கீழே புதைந்தது. தாய்மொழிக் கல்வி என்ற நல்ல கொள்கை, எது யாருடைய தாய்மொழி என்பதை அதிகாரமுள்ளவர் தீர்மானிக்கும் நிலைக்கு வந்தது. நீர்கொழும்பு தொட்டுச் சிலாபத்தைக் கடந்து வடக்கே தமிழ் பேசிய கத்தோலிக்க மீனவக் கிராமங்களை எண்ணிப் பாருங்கள். 1950களின் பிற்பகுதி முதல் அங்குள்ள பாடசாலைகள் சிங்களத்திற்கு மாறின. அரசின் கொள்கை, திருச்சபைத் தலைமையின் விருப்பம், உத்தியோக ஆசை, சிறுபான்மையாய் நிற்பதன் அச்சம் யாவும் ஒன்று சேர்ந்தன. இரண்டு தலைமுறைக்குள் வீட்டு மொழி மாறிற்று. தமிழிலே செபம் சொல்லும் பாட்டியும், அதன் பொருள் முழுதும் விளங்காத பேரப்பிள்ளையும் இன்றும் இக்கரையில் ஒரே கூரையின்கீழ் வாழக் காண்கின்றோம். உடப்பு போன்ற ஊர்கள் தமிழைக் காத்து நிற்கின்றன. ஆயின் சுற்றிலும் நிகழ்ந்ததை அவை அறியும்.

கன்னங்கரா தனிச் சிங்களச் சட்டத்தின் கர்த்தா அல்லர். எனினும் 1936இல் ஏழு மந்திரிகளும் சிங்களவராகவே அமைந்த மந்திரி சபையில் அவரும் ஓர் அங்கத்தவர். கல்வியில் வர்க்க அநீதியைக் கண்ட கண், அதிகாரத்தில் இன அநீதியைக் காணத் தவறிற்று. தேசிய முதலாளித்துவத் தலைமையின் எல்லை இதுவே. அது கதவைத் திறக்கும். தன் வீட்டுச் சுவரை இடிக்காது.

இனி 1947க்கு வருவோம். இலவசக் கல்வியை நிறைவேற்றிய ஈராண்டுக்குள் நடந்த பொதுத் தேர்தலில், மத்துகமைத் தொகுதியிலே கன்னங்கரா தோல்வியுற்றார். அவரை வென்றவர் வில்மட் பெரேரா. தாகூர் 1934இல் அடிக்கல் நாட்டிய ஹொரணை ஸ்ரீ பாலி நிலையத்தைத் தோற்றுவித்தவர் அவர். கல்விமான் ஒருவரைக் கல்விமான் ஒருவர் தோற்கடித்தார் என்பது விதியின் விளையாட்டன்று. கன்னங்கரா யாருக்காகக் கதவைத் திறந்தாரோ அந்த மக்களை ஒரு ஸ்தாபனமாகத் திரட்டவில்லை; ஐக்கிய தேசியக் கட்சியின் பெருந்தனக்காரரோடு ஒரே பந்தியில் அமர்ந்தார். அந்தப் பந்தியோ அவரை மனமுவந்து தன்னவராகக் கருதவில்லை. 1952இல் அகலவத்தையிலிருந்து மீண்டும் தெரிவாகி மந்திரியானபோது அவருக்குக் கிடைத்தது உள்ளூராட்சி இலாகா, கல்வியன்று. சட்டத்தை மேலிருந்து கொடுத்தவர், கீழிருந்து தாங்கும் கரமின்றி நின்றார். 1969இல் அவர் மறைந்தார்.

இவ்விடத்தில் அயல்நாட்டு உதாரணமொன்று பயன்படும். 1957இல் கேரளத்திலே கம்யூனிஸ்ட் மந்திரி சபை அமைந்தபோது கல்வி மந்திரியானவர், கல்லூரிப் பேராசிரியராயும் இலக்கிய விமர்சகராயும் விளங்கிய ஜோசப் முண்டசேரி. தனியார் முகாமைப் பாடசாலைகளின் ஆசிரியர்களுக்குப் பாதுகாப்பளிக்க அவர் கொண்டுவந்த கல்வி மசோதா, திருச்சபையும் நிலவுடைமைச் சக்திகளும் கிளர்ந்தெழக் காரணங்களில் ஒன்றாயிற்று. 1959இல் அந்த அரசாங்கமே மத்திய அரசினாற் கலைக்கப்பட்டது. ஆனால் அதன் பின்னால் ஆசிரியர் சங்கமும் விவசாயி இயக்கமும் நின்றமையால், ஆட்சி வீழ்ந்தும் கோரிக்கை வீழவில்லை. 1967இல் இடதுசாரிகள் தலைமையிலான அரசாங்கம் மீண்டும் வந்தது. இலங்கையிலும் 1960–61இல் உதவி நன்கொடைப் பாடசாலைகளை அரசு பொறுப்பேற்றபோது கல்வி மந்திரியாயிருந்தவர், கம்பளை சாஹிராக் கல்லூரியின் முதல் அதிபராயிருந்த பதியுதீன் மஹ்மூத். நமது கரையோரத்துக் கத்தோலிக்கப் பெற்றோரும் அன்று கலங்கினர். எழுத்தறிவின் முதல் விளக்கை இக்கரையில் பல ஊர்களிலே ஏற்றியது மிஷன் பாடசாலைகளே என்பதால் அக்கலக்கம் விளங்கிக்கொள்ளத் தக்கதே. ஆயினும் பொதுமக்கள் வரியில் நடக்கும் பாடசாலை பொதுமக்களுடையதாதல் வேண்டும் என்ற நியாயம் மறுக்க முடியாதது. கன்னங்கரா நிறுத்திய இடத்திலிருந்து இன்னோர் ஆசிரியர் ஓரடி எடுத்து வைத்தார் எனலாம்.

ஆசிரியர் ஒருவர் மந்திரியாவதனால் மட்டும் கல்வி மக்களுடையதாகிவிடாது என்பதை இவர்களின் வாழ்க்கை ஒருங்கே காட்டுகின்றது. வகுப்பறையில் பெற்ற அனுபவம் ஒரு விளக்கு. அதைக் கையிலேந்தி எந்த மக்களோடு நடக்கின்றார் என்பதே முடிவைத் தீர்மானிக்கின்றது.

மீண்டும் நமது கரைக்குத் திரும்புவோம். 1990 ஒக்தோபரில் வடமாகாண முஸ்லிம் மக்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டு, பெருந்தொகையினர் புத்தளத்தில் வந்து தங்கினர். ஓலைக் கொட்டில்களிலே வகுப்புகள் எழுந்தன. எல்லாவற்றையும் இழந்து வந்த அப்பிள்ளைகளிடம் யாரும் பறிக்க முடியாதிருந்த உரிமைகளில் ஒன்று கட்டணமின்றிப் படிக்கும் உரிமை. 1945ஆம் ஆண்டுச் சட்டத்தின் மேன்மையை நான் உணர்ந்தது அக்கொட்டில்களின் கதையைக் கேட்டபோதுதான், விழா மேடையிலன்று. இலவசக் கல்வி இல்லாதிருந்தால் அந்தத் தலைமுறையின் கதி என்னவாயிருக்கும் என்று எண்ணவும் அஞ்சுகின்றேன்.

அதே கரையிலே இன்று நாம் காண்பது வேறும் உண்டு. கிராமத்து ஏழைக்கு ஏணியாக எண்ணப்பட்ட ஐந்தாந்தரப் புலமைப்பரிசில் பரீட்சை, ரியூசனுக்குப் பணம் செலுத்தக் கூடியவரின் பந்தயமாகிவிட்டது. வசதிக் கட்டணம், அபிவிருத்திச் சங்கச் சந்தா, அச்சிட்ட வினாத்தாளுக்குப் பணம் என்று பல பெயர்களில் கட்டணம் பின்கதவால் நுழைகின்றது. கணிதத்திற்கும் விஞ்ஞானத்திற்கும் ஆசிரியரின்றி ஆண்டுக்கணக்கில் நிற்கும் வகுப்புகள் இக்கரையில் இருக்கின்றன. உப்பளத்திலும் தென்னந்தோட்டத்திலும் கரைவலையிலும் கூலி பெறும் தகப்பனுக்கு இலவசம் என்ற சொல்லின் பொருள் ஆண்டுதோறும் தேய்ந்து வருகின்றது. கதவு சட்டப்படி திறந்தே இருக்கின்றது. படிக்கட்டுத்தான் ஒவ்வொன்றாய்ப் பெயர்க்கப்படுகின்றது.

அந்தக் கடைசி வாங்கு மாணவனுக்கு அன்று நான் சொல்லத் தவறிய விடை ஒன்றுண்டு. தம்பி, நீ விட்ட தவணைப் பாடத்தை யாரும் சும்மா தரமாட்டார்கள். கன்னங்கரா உயிரோடிருந்தாலும் தானாகத் தந்திருக்க மாட்டார். வாடிக்குப் போகும் பிள்ளைக்கு அங்குள்ள பாடசாலை இடமளிக்க வேண்டும். திரும்பி வந்தவனுக்கு விட்ட பாடத்தை நடத்த ஊர்ப் பாடசாலை நேரம் ஒதுக்க வேண்டும் என்று உன் தகப்பனும் நானும், கரையிலுள்ள சம்மாட்டியின்கீழ் உழைப்போர் யாவரும் கூடிக் கேட்க வேண்டும். இலவசக் கல்வி அப்படித்தான் வந்தது, அப்படித்தான் நிலைக்கும்.

இவ்விடையை மேடையிற் சொல்லுவது எளிது. அக்கூட்டத்திற்கு அடுத்த வாரம், ஊர் திரும்பிய ஆறு பிள்ளைகளை மாலையில் இருத்தி விட்ட பாடத்தைத் தொடங்கினோம், நானும் சக ஆசிரியை ஒருவரும். அது இயக்கமாகாது, தயவுதான். டரல் துரை செய்ததும் அதுவே. தயவை உரிமையாக்குவது எவ்வாறு என்பதே கன்னங்கரா நமக்கு விட்டுச் சென்ற வீட்டுவேலை. ஆசிரிய நண்பர்களே, அவரது படத்தை அடுத்த முறை சுவரிலிருந்து இறக்கும்போது, கடைசி வாங்கிலே யார் இல்லை என்று முதலில் எண்ணிப் பார்ப்போம். மாலையைப் பிறகு சூட்டலாம்.